ஏர்த், வின்ட் அன்ட் ஃபயர்: அரை நூற்றாண்டு இசைக்குழு ஒன்றின் விருதுகளும் பட்டியலில் இடம்பெறாத பெயர்களும்

அமெரிக்கக் கறுப்பின மக்களின் சோல், ஃபங்க் இசையைப் பற்றிப் பேசும்போது தவிர்க்க முடியாத பெயர் ‘ஏர்த், வின்ட் அன்ட் ஃபயர்’. மண், காற்று, நெருப்பு என்று பொருள்படும் பெயரைக் கொண்ட இந்தக் குழு 1970களின் தொடக்கத்தில் உருவாகி, உறுப்பினர்கள் மாறியபோதும் நிறுவுநர் மறைந்தபோதும் நிற்காமல் இன்றுவரை மேடையேறி வருகின்றது. ஆறு கிராமி விருதுகள், நான்கு அமெரிக்கன் மியூசிக் விருதுகள், ரொக் அன்ட் ரோல் ஹோல் ஒஃப் ஃபேமில் இடம், கிராமி வாழ்நாள் சாதனையாளர் விருது, கென்னடி சென்டர் கௌரவம் என அதற்குக் கிடைத்த அங்கீகாரங்கள் பல.

அந்த அங்கீகாரங்களை ஆண்டு வாரியாகவும் பொருள் விளங்கும்படியும் தமிழில் தொகுப்பதே இக்கட்டுரையின் முதல் நோக்கம். தொகுக்கத் தொடங்கியபோது இன்னொரு விடயமும் என் கண்ணில் பட்டது. எந்த விருது எந்தப் பிரிவில் வழங்கப்பட்டது, எவருடைய பெயருக்கு வழங்கப்பட்டது, எவருடைய பெயர் விடுபட்டது என்று பார்த்துச் செல்லும்போது விருதுப் பட்டியலுக்குள் ஒரு சமூக வரலாறு இருப்பது தெரிகின்றது. பெயர்ப் பட்டியல் ஒன்றில் ஒரு பெயர் இருப்பதும் இல்லாமற்போவதும் எவ்வளவு பெரிய விடயம் என்பதை எங்கள் வாசகர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. ஆகவே கிடைத்தவற்றோடு விடுபட்டவற்றையும் சேர்த்தே இங்கு தருகின்றேன்.

குழுவின் தோற்றம்

குழுவை நிறுவிய மொரிஸ் வைட் 1941 டிசெம்பர் 19ஆம் திகதி டெனசி மாநிலத்தின் மெம்பிஸ் நகரில் பிறந்தவர். பேருந்திலும் பாடசாலையிலும் வெள்ளையருக்கு ஓரிடம், கறுப்பருக்கு வேறிடம் என்று சட்டமே பிரித்து வைத்திருந்த காலம் அது. பின்னர் சிக்காகோவுக்குச் சென்ற அவர், அங்கு புகழ்பெற்ற செஸ் றெக்கோர்ட்ஸ் நிறுவனத்தின் ஒலிப்பதிவுக்கூடத்தில் ட்ரம்ஸ் வாசிப்பவராகப் பணியாற்றினார். பிறருடைய பாடல்களுக்குத் தாளம் வாசிக்கும், இசைத்தட்டின் உறையில் பெயர் அச்சிடப்படாத பணி அது. 1966இல் ஜாஸ் பியானோ கலைஞர் ராம்சி லூயிஸின் குழுவில் சேர்ந்தார். கட்டைவிரல்களால் மீட்டப்படும் ஆபிரிக்க வாத்தியமான கலிம்பா அவருடைய அடையாளமாக மாறியது அந்தக் காலத்திலிருந்துதான்.

1969இல் வேட் ஃபிளெமன்ஸ், டொன் வைட்ஹெட் ஆகியோருடன் சேர்ந்து ‘சோல்டி பெப்பர்ஸ்’ என்ற குழுவை மொரிஸ் தொடங்கினார். 1970இல் லொஸ் ஏஞ்சல்ஸ் நகருக்கு இடம்பெயர்ந்தபோது குழுவின் பெயரை மாற்றினார். தனது சாதகத்தில் மண், காற்று, நெருப்பு ஆகிய மூன்றும் இருந்தன, நீர் இருக்கவில்லை என்பதே புதிய பெயருக்கான காரணம். தம்பி வேர்டீன் வைட் பேஸ் கிற்றார் வாசிக்க வந்தார். முதல் அல்பம் 1971இல் வெளிவந்தது.

ஆனால் அந்த முதல் அணி நீடிக்கவில்லை. 1972இல் கொலம்பியா நிறுவனத்துடன் ஒப்பந்தம் செய்துகொண்ட காலத்தில் டென்வர் நகரைச் சேர்ந்த இளம் பாடகர் பிலிப் பெய்லி இணைந்தார். மொரிஸின் கனத்த குரலும் பெய்லியின் மிக உயர்ந்த குரலும் ஒன்றோடொன்று பின்னி நடப்பதே குழுவின் தனித்துவமாயிற்று. அவற்றுக்குப் பின்னால் ஊதுகருவிகள், ஆபிரிக்க, லத்தீன் அமெரிக்கத் தாளங்கள், ஜாஸ் இசையின் சுருதி அமைப்புகள் ஆகியன நின்றன.

1975: இரண்டு பட்டியல்களிலும் முதலிடம்

விருதுகளுக்கு முன்னர் வந்தது மக்கள் தந்த அங்கீகாரம். 1975இல் வெளியான ‘தட்ஸ் த வே ஒஃப் த வேர்ல்ட்’ அல்பம் அமெரிக்காவின் பில்போர்ட் அல்பத் தரவரிசையில் முதலிடத்தைப் பிடித்தது. அதே அல்பத்திலிருந்து வந்த ‘ஷைனிங் ஸ்டார்’ பாடல் மே மாதத்தில் பொதுப் பாடல் தரவரிசையான ஹொட் 100இலும் முதலிடத்துக்கு வந்தது. ஒரே வாரத்தில் இரண்டு பட்டியல்களின் உச்சியிலும் இவர்களே இருந்தார்கள்.

அந்த அல்பம் உண்மையில் ஒரு திரைப்படத்துக்காகச் செய்யப்பட்டது. ஹார்வி கைட்டல் நடித்த அந்தப் படத்தில் குழுவினரும் தோன்றினார்கள். படம் ஓடாது என்று கணித்த குழுவினர், படம் திரைக்கு வரும் முன்னரே அல்பத்தை வெளியிட்டார்கள். படம் தோல்வி கண்டது. அல்பம் நிலைத்தது.

கிராமி விருதுகள்: ஆண்டு வாரியாக

கிராமி என்பது அமெரிக்க ஒலிப்பதிவுத் துறையினர் தமக்குள் வாக்களித்து வழங்கும் விருது. ஒரு வருடத்தில் வெளியான பதிவுகளுக்கு மறுவருடத் தொடக்கத்தில் விருது வழங்கப்படும். கீழே உள்ளவை விழா நடைபெற்ற ஆண்டுகள்.

1976: ‘ஷைனிங் ஸ்டார்’ பாடலுக்கு, ஆர் அன்ட் பி பிரிவில் சிறந்த குழுப் பாடலுக்கான விருது. இதுவே இவர்களின் முதல் கிராமி.

1979: இரண்டு விருதுகள். ‘ஒல் என் ஒல்’ அல்பத்துக்கு ஆர் அன்ட் பி பிரிவில் சிறந்த குழுப் பாடலுக்கான விருது. அதே அல்பத்தில் உள்ள ‘ரன்னின்’ என்ற இசைத்துண்டுக்கு ஆர் அன்ட் பி வாத்திய இசைக்கான விருது. இவை தவிர, பீட்டில்ஸின் ‘கொட் டு கெட் யூ இன்டு மை லைஃப்’ பாடலைக் குழு புதிதாகப் பாடியபோது செய்த இசைக்கோர்ப்புக்காக மொரிஸ் வைட் தனிப்பட்ட முறையில் ஒரு கிராமி பெற்றார்.

1980: மீண்டும் இரண்டு. ‘ஆஃப்டர் த லவ் ஹாஸ் கோன்’ பாடலுக்குக் குழுப் பாடலுக்கான விருது. ‘பூகி வொண்டர்லேண்ட்’ பாடலின் வாத்திய வடிவத்துக்கு வாத்திய இசைக்கான விருது.

1983: ‘வோனா பி வித் யூ’ பாடலுக்கு ஆர் அன்ட் பி குழுப் பாடலுக்கான விருது. இம்முறை வாக்குகள் சமமாக அமைந்தமையால் டாஸ் பாண்ட் என்ற குழுவுடன் விருது பகிரப்பட்டது.

ஆக, குழுவின் பெயரில் ஆறு. மொரிஸின் தனி விருதையும் சேர்த்தால் அவருக்கு ஏழு. பிலிப் பெய்லியும் 1987 விழாவில் ‘ட்ரையம்ஃப்’ என்ற தனது கிறிஸ்தவ நற்செய்தி இசை அல்பத்துக்காகத் தனியாக ஒரு கிராமி பெற்றார். 1983க்குப் பின்னரும் குழு பல தடவைகள் பரிந்துரைக்கப்பட்டது. எனினும் போட்டிப் பிரிவில் அதற்கு மீண்டும் விருது கிடைக்கவில்லை.

பிரிவுகளின் பின்னால் உள்ள கதை

மேலே உள்ள பட்டியலை நிதானமாகப் பார்த்தால் ஒன்று புலப்படும். குழுவாக இவர்கள் பெற்ற ஆறு கிராமிகளும் ஆர் அன்ட் பி பிரிவுக்குள்ளேயே வந்தவை.

‘ரிதம் அன்ட் புளூஸ்’ என்பதன் சுருக்கமே ஆர் அன்ட் பி. 1949 வரை பில்போர்ட் சஞ்சிகை கறுப்பினக் கலைஞர்களின் இசைத்தட்டுகளை ‘ரேஸ் றெக்கோர்ட்ஸ்’, அதாவது இன இசைத்தட்டுகள், என்ற தலைப்பின் கீழ் தனியாகப் பட்டியலிட்டது. அந்த ஆண்டில்தான், அப்போது அங்கு பணியாற்றிய ஜெரி வெக்ஸ்லரின் யோசனையின்படி, பெயர் ரிதம் அன்ட் புளூஸ் என மாற்றப்பட்டது. 1969இல் அது சோல் ஆயிற்று. 1982இல் நேரடியாகவே ‘கறுப்பு’ என்று பெயரிடப்பட்டது. 1990இல் மீண்டும் ஆர் அன்ட் பி ஆனது. நாற்பது வருடங்களில் பெயர்ப்பலகை பல தடவைகள் மாறியது. ஆனால் பலகைக்குக் கீழே இருந்த தனி வாசல் மாறவில்லை.

இசை வகையைக் குறிக்கும் சொல்லாக ஆர் அன்ட் பியில் தவறொன்றும் இல்லை. அந்தப் பிரிவு இருந்தமையால்தான் பல கறுப்பினக் கலைஞர்களுக்கு விருது கிடைத்தது என்பதும் உண்மையே. பிரச்சினை, அந்தப் பிரிவுக்கு வெளியே உள்ள பொதுப் பிரிவுகளில் என்ன நடந்தது என்பதில் இருக்கின்றது. ஆண்டின் சிறந்த ஒலிப்பதிவு, ஆண்டின் சிறந்த பாடல், ஆண்டின் சிறந்த அல்பம் ஆகியவை எல்லா வகை இசைக்கும் பொதுவான, மிகப் பெரிய விருதுகள். 1980 விழாவில் ‘ஆஃப்டர் த லவ் ஹாஸ் கோன்’ சிறந்த ஒலிப்பதிவுக்கும் சிறந்த பாடலுக்கும் பரிந்துரைக்கப்பட்டது. இரண்டையும் வென்றது டூபி பிரதர்ஸ் குழுவின் ‘வட் எ ஃபூல் பிலீவ்ஸ்’. அதுவும் நல்ல பாடல்தான். ஒரு வருடத்தின் முடிவை மட்டும் வைத்து அநீதி என்று சொல்லிவிட முடியாது. ஆயினும் 1975இல் நாட்டின் பொதுத் தரவரிசைகள் இரண்டிலும் முதலிடத்தில் இருந்த ஒரு குழு, கிராமியின் பொதுப் பிரிவில் ஒருபோதும் விருது பெறவில்லை என்பதையும் பதிவுசெய்தே ஆகவேண்டும். வாங்கிய மக்கள் எல்லா நிறத்தவர்களும். விருது மட்டும் ஒரு பெட்டிக்குள்.

‘ஆஃப்டர் த லவ் ஹாஸ் கோன்’ பாடலுக்கு அதே இரவில் வேறு ஒரு கிராமியும் கிடைத்தது. அதை எழுதிய டேவிட் ஃபொஸ்டர், ஜே கிரேடன், பில் சாம்ப்ளின் ஆகியோருக்குச் சிறந்த ஆர் அன்ட் பி பாடலுக்கான விருது வழங்கப்பட்டது. ஒரு பாடலின் வெற்றியில் எத்தனை பேருடைய உழைப்பு உண்டு என்பதற்கு இது நல்ல உதாரணம்.

விற்பனைச் சான்றுகளும் அமெரிக்கன் மியூசிக் விருதுகளும்

அமெரிக்காவில் ஓர் அல்பம் ஐந்து இலட்சம் பிரதிகள் விற்றால் தங்கச் சான்றும், பத்து இலட்சம் விற்றால் பிளாட்டினம் சான்றும் வழங்கப்படும். பிளாட்டினம் என்ற தரம் 1976இல்தான் அறிமுகமானது. இந்தக் குழுவின் ‘தட்ஸ் த வே ஒஃப் த வேர்ல்ட்’, ‘ஒல் என் ஒல்’ ஆகியன மூன்று மடங்கு பிளாட்டினம் பெற்றவை. 1978இல் வெளியான தொகுப்பு அல்பம் ஐந்து மடங்கு பிளாட்டினம் பெற்றது.

விற்பனைச் சான்றை விருதாகக் கொள்ளலாமா என்று சிலர் கேட்கக்கூடும். அதற்கு நடுவர் குழு கிடையாது. ஆனால் சாதாரண மக்கள் தமது உழைப்பின் காசைக் கொடுத்து வாங்கியதற்கான சாட்சி அது. அந்த வகையில் அதையும் இங்கு சேர்ப்பது பொருத்தமென்றே கருதுகின்றேன். பொதுமக்களின் விருப்பத்தை முன்னிறுத்தி வழங்கப்படும் அமெரிக்கன் மியூசிக் விருதுகளிலும் இவர்கள் நான்கைப் பெற்றார்கள்.

நிரந்தர கௌரவங்கள்

1990களில் இருந்து வேறு வகையான அங்கீகாரங்கள் வரத் தொடங்கின. ஒரு பாடலுக்காகவோ அல்பத்துக்காகவோ அல்லாமல், மொத்தப் பணிக்காக வழங்கப்படுபவை இவை.

கறுப்பின மக்களின் உரிமைகளுக்காக 1909 முதல் இயங்கிவரும் என்.ஏ.ஏ.சி.பி. அமைப்பு 1994இல் தனது இமேஜ் விருதுகளின் கௌரவப் பட்டியலில் குழுவைச் சேர்த்தது. சொந்தச் சமூகத்தின் அமைப்பே முதலில் முன்வந்தது என்பது கவனிக்கத்தக்கது. மறுவருடம், 1995 செப்ரெம்பர் 15ஆம் திகதி, ஹொலிவூட் நடைபாதையில் குழுவின் பெயரில் நட்சத்திரம் பதிக்கப்பட்டது.

2000ஆம் ஆண்டு மார்ச் 6ஆம் திகதி நியூயோர்க்கில் நடைபெற்ற விழாவில் ரொக் அன்ட் ரோல் ஹோல் ஒஃப் ஃபேமில் குழு சேர்க்கப்பட்டது. முதற் பதிவு வெளியாகி 25 வருடங்கள் நிறைவடைந்த கலைஞர்களே இதற்குத் தகுதி பெறுவர். எரிக் கிளப்டன், ஜேம்ஸ் டெய்லர், பொனி ரைட் ஆகியோரும் அதே விழாவில் சேர்க்கப்பட்டார்கள். ஏர்த், வின்ட் அன்ட் ஃபயர் குழுவை ராப் கலைஞர் லில் கிம் வரவேற்று அறிமுகப்படுத்தினார்.

அன்று கௌரவிக்கப்பட்டவர்கள் ஒன்பது பேர்: மொரிஸ் வைட், வேர்டீன் வைட், ஃபிரெட் வைட், பிலிப் பெய்லி, லாரி டன், அல் மக்கே, ரால்ஃப் ஜோன்சன், ஜொனி கிரஹாம், அன்ட்ரூ வூல்ஃபோக். பிரிந்துபோயிருந்த அந்த ஒன்பது பேரும் ஏறத்தாழ 20 வருடங்களின் பின்னர் அன்றிரவு ஒரே மேடையில் வாசித்தார்கள். மொரிஸ் அப்போது பார்க்கின்சன் நோயால் பாதிக்கப்பட்டிருந்தார். 1994 அளவிலேயே அவர் குழுவுடன் ஊர் ஊராகப் பயணிப்பதை நிறுத்தியிருந்தார். தனது நோய் பற்றி அவர் வெளிப்படையாகப் பேசியதும் 2000ஆம் ஆண்டில்தான். கை நடுக்கம் ஒரு தாள வாத்தியக்காரருக்கு எதைப் பறிக்கும் என்பதை நினைத்துப் பார்த்தால் அந்த இரவின் பெறுமதி விளங்கும்.

அதன் பின்னர் 2002இல் கறுப்பினத் தொலைக்காட்சியான பி.ஈ.ரி. வாழ்நாள் சாதனையாளர் விருதை வழங்கியது. 2003இல் குரலிசைக் குழுக்களுக்கான ஹோல் ஒஃப் ஃபேமில் இடம் கிடைத்தது. 2004இல் ‘தட்ஸ் த வே ஒஃப் த வேர்ல்ட்’ அல்பமும் 2008இல் ‘ஷைனிங் ஸ்டார்’ பாடலும் கிராமி ஹோல் ஒஃப் ஃபேமில் சேர்க்கப்பட்டன. 2010இல் பாடலாசிரியர்களுக்கான ஹோல் ஒஃப் ஃபேமில் மொரிஸ், வேர்டீன், பெய்லி, லாரி டன், அல் மக்கே ஆகிய ஐவரும் இடம்பெற்றார்கள். இவர்களின் ஆட்டத்தையும் ஆடையையும் மேடை ஒளியையும் மட்டுமே பார்த்தவர்களுக்கு, இவர்கள் பாடல் ஆக்குபவர்களும்கூட என்பதை நினைவூட்டிய கௌரவம் அது.

விருது என்று சொல்ல முடியாவிட்டாலும் சேர்த்துச் சொல்லவேண்டிய இன்னொன்று உண்டு. 2009 பெப்ரவரியில், அமெரிக்காவின் முதல் கறுப்பின ஜனாதிபதி பராக் ஒபாமா பதவியேற்று ஒரு மாதம் கடந்த நிலையில், மாநில ஆளுநர்களுக்கு வெள்ளை மாளிகையில் அளிக்கப்பட்ட விருந்தில் இந்தக் குழுவே இசை வழங்கியது.

‘செப்ரெம்பர்’: நாட்டின் காப்பகத்தில் ஒரு பாடல்

1978இல் வெளிவந்த ‘செப்ரெம்பர்’ இவர்களின் பாடல்களில் உலகெங்கும் மிக அதிகமாக அறியப்பட்டது. மொரிஸ் வைட், அல் மக்கே, அலி வில்லிஸ் ஆகிய மூவரும் சேர்ந்து ஆக்கிய பாடல் இது. அலி வில்லிஸ் அப்போது பெரிதாக அறியப்படாத பெண் பாடலாசிரியர். பல்லவியில் வரும் பொருளற்ற ஒலிகளுக்குப் பதிலாக உண்மையான சொற்களை இடவேண்டும் என்று அவர் வற்புறுத்தியதும், சொல் இசையின் ஓட்டத்தைத் தடுக்கக்கூடாது என்று மொரிஸ் மறுத்ததும் பின்னாளில் வில்லிஸே பல தடவைகள் சொன்ன கதை. ஆங்கிலம் தெரியாதவர்களும் அந்தப் பல்லவியைத் தயங்காமல் பாடுவதற்கு அந்த முடிவே காரணம்.

அந்தப் பாடலுக்குக் கிராமி கிடைக்கவில்லை. ஆனால் 40 வருடங்களின் பின்னர், அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் அது சேர்க்கப்பட்டது. 2018ஆம் ஆண்டுக்குரிய அந்தத் தெரிவு 2019 மார்ச்சில் அறிவிக்கப்பட்டது. பண்பாட்டு, வரலாற்று அல்லது அழகியல் முக்கியத்துவம் கொண்ட, குறைந்தது பத்து வருடப் பழமையான பதிவுகளில் ஆண்டுக்கு 25 மட்டுமே இதற்குத் தெரிவாகும். தெரிவானவை நாட்டின் நினைவாகக் காக்கப்படும். நூலகமும் ஆவணமும் ஒரு சமூகத்துக்கு என்ன என்பதை அறிந்தவர்களுக்கு, மேடையில் தரப்படும் கிண்ணத்தைவிட இது பெரிய கௌரவமாகவே தோன்றும். அலி வில்லிஸ் 2018இல் பாடலாசிரியர்களுக்கான ஹோல் ஒஃப் ஃபேமில் தனியாக இடம்பெற்றார். 2019 டிசெம்பரில் காலமானார்.

2016: பதினொரு நாள் பிந்திய மேடை

2016 ஜனவரியில் குழுவுக்குக் கிராமி வாழ்நாள் சாதனையாளர் விருது அறிவிக்கப்பட்டது. மொரிஸ் வைட் அப்போது உயிருடன் இருந்தார். பெப்ரவரி 4ஆம் திகதி தனது 74ஆவது வயதில் லொஸ் ஏஞ்சல்ஸில் அவர் காலமானார். கிராமி விழா நடந்தது பெப்ரவரி 15ஆம் திகதி. அந்த மேடையில் ஸ்டீவி வொண்டர், பென்டாடோனிக்ஸ் என்ற இளைஞர் குழுவுடன் சேர்ந்து, வாத்தியங்கள் இல்லாமல் குரலால் மட்டும், மொரிஸின் பாடல் ஒன்றைப் பாடி அஞ்சலி செலுத்தினார். அதே வருடம் செப்ரெம்பரில் மொரிஸின் சுயசரிதை நூல் வெளிவந்தது. அதையும் அவர் பார்க்கவில்லை.

2019: கென்னடி சென்டர் கௌரவம்

வாஷிங்டனில் உள்ள கென்னடி சென்டர் 1978 முதல் வருடந்தோறும் கலைத்துறையில் வாழ்நாள் பங்களிப்பு வழங்கியவர்களைக் கௌரவித்து வருகின்றது. அமெரிக்காவில் ஒரு கலைஞர் பெறக்கூடிய மிக உயர்ந்த மதிப்புகளில் ஒன்றாக இது கருதப்படுகின்றது. 2019 டிசெம்பர் 8ஆம் திகதி நடைபெற்ற விழாவில் நடிகை சலி ஃபீல்ட், பாடகி லின்டா ரொன்ஸ்டட், இசை நடத்துநர் மைக்கல் டில்சன் தோமஸ், சிறுவர் நிகழ்ச்சியான செசமி ஸ்ட்ரீட் ஆகியோருடன் ஏர்த், வின்ட் அன்ட் ஃபயர் குழுவும் கௌரவிக்கப்பட்டது. குழுவின் சார்பில் வேர்டீன் வைட், பிலிப் பெய்லி, ரால்ஃப் ஜோன்சன் ஆகிய மூவரும் பதக்கம் அணிந்து அமர்ந்திருந்தார்கள். 1970களில் இருந்து குழுவில் நிலைத்து நின்றவர்கள் இவர்களே.

பட்டியலில் இல்லாதவர்கள்

இனி விடுபட்டவர்களுக்கு வருகின்றேன்.

முதலாமவர் சார்ள்ஸ் ஸ்டெப்னி. செஸ் நிறுவனத்தில் மொரிஸுக்கு அறிமுகமான இசையமைப்பாளர். ‘தட்ஸ் த வே ஒஃப் த வேர்ல்ட்’ அல்பத்தை மொரிஸுடன் சேர்ந்து உருவாக்கியவர். குழுவின் ஊதுகருவிகளும் தந்தி வாத்தியங்களும் குரல்களும் ஒன்றாக எழும் அந்த ஒலியில் அவருடைய கைவண்ணம் பெரிது. 1976 மே மாதம் 45 வயதில் மாரடைப்பால் இறந்தார். குழு அந்த வருட அல்பமான ‘ஸ்பிரிட்’டை அவருக்குக் காணிக்கையாக்கியது. மேலே நான் விவரித்த பெரிய கௌரவங்கள் எதிலும் அவருடைய பெயர் இல்லை. சிக்காகோ வீட்டின் நிலக்கீழ் அறையில் அவர் தனியாகப் பதிவு செய்து வைத்திருந்த ஒலிநாடாக்களை அவருடைய மகள்மார் பல்லாண்டுகள் பாதுகாத்தார்கள். அவை 2022இல் ‘ஸ்டெப் ஒன் ஸ்டெப்’ என்ற அல்பமாக வெளிவந்தன. நிறுவனங்கள் மறந்ததைக் குடும்பம் காத்தது.

அடுத்தவர்கள் ‘ஃபீனிக்ஸ் ஹோர்ன்ஸ்’ என்ற ஊதுகருவி அணியினர்: டொன் மைரிக், லூயிஸ் சாட்டர்ஃபீல்ட், ராம்லீ மைக்கல் டேவிஸ், மைக்கல் ஹரிஸ். இவர்களில் மைரிக்கும் சாட்டர்ஃபீல்டும் சிக்காகோவில் கல்லூரிக் காலத்திலேயே மொரிஸின் நண்பர்கள். குழுவின் பாடல்களை முதல் இரண்டு விநாடிகளில் அடையாளம் காட்டுவது அந்த ஊதுகருவி ஒலிதான். பிரித்தானியப் பாடகர் ஃபில் கொலின்ஸ் தனது அல்பங்களுக்கு இந்த அணியையே தேடி அழைத்தார். ஆனால் 2000ஆம் ஆண்டில் கௌரவிக்கப்பட்ட ஒன்பது பெயர்களுள் இந்த நால்வரும் இல்லை.

டொன் மைரிக்கின் முடிவு துயரமானது. ‘ஆஃப்டர் த லவ் ஹாஸ் கோன்’ பாடலில் வரும் சக்ஸஃபோன் தனியிசை அவருடையது. 1993 ஜூலை 30ஆம் திகதி, போதைப்பொருள் தொடர்பான தேடுதலுக்காக லொஸ் ஏஞ்சல்ஸ் பகுதியிலிருந்த அவருடைய வீட்டுக்குச் சென்ற சன்டா மொனிக்கா பொலிஸ் உத்தியோகத்தர் ஒருவர் அவரைச் சுட்டுக் கொன்றார். அவர் கையில் இருந்த லைட்டரை ஆயுதம் என்று நினைத்துச் சுட்டதாகப் பொலிஸ் தரப்பு கூறியது. இரண்டு கிராமிகளை வென்ற காலத்தின் அந்த ஒலிக்குரியவர், எந்த கௌரவப் பட்டியலிலும் சேராமலேயே போனார்.

முதல் அணியில் இருந்த வேட் ஃபிளெமன்ஸ், டொன் வைட்ஹெட் ஆகியோரையும் பட்டியல்கள் சேர்க்கவில்லை. விருது வழங்கும் அமைப்புகள் புகழின் உச்சத்தில் இருந்த அணியையே குழு என்று கணக்கிடுகின்றன. அத்திவாரம் வெட்டியவர்கள் கணக்கில் வருவதில்லை.

சேர்க்கப்பட்டவர்களிலும் பலர் இன்று இல்லை. சக்ஸஃபோன் கலைஞர் அன்ட்ரூ வூல்ஃபோக் 2022 ஏப்ரலில் காலமானார். மொரிஸின் இளைய சகோதரரும் ட்ரம்ஸ் கலைஞருமான ஃபிரெட் வைட் 2023 ஜனவரி முதலாம் திகதி காலமானார்.

நிறைவாக

இந்தக் குழுவைப் புதிதாகக் கேட்க விரும்பும் வாசகர்களுக்கு, ‘தட்ஸ் த வே ஒஃப் த வேர்ல்ட்’ அல்பத்தையும் ‘ஒல் என் ஒல்’ அல்பத்தையும் முதலில் கேட்கும்படி சொல்வேன். முன்னதில் ஸ்டெப்னியின் கைவண்ணத்தைக் கேட்கலாம். பின்னதில் பிரேசில் பயணத்திலிருந்து மொரிஸ் கொண்டுவந்த தாளங்களைக் கேட்கலாம். அதன்பின் ‘ஆஃப்டர் த லவ் ஹாஸ் கோன்’ பாடலைக் கேளுங்கள். அதில் பாடகர்கள் ஓய்ந்து சக்ஸஃபோன் தனியாக எழும் இடம் வரும்போது, அதை ஊதியவர் டொன் மைரிக் என்பதைப் பக்கத்தில் இருப்பவருக்கும் சொல்லுங்கள்.